நாடக விருது விழாவுக்கு மேடை அமைப்பது: தருமபுரி, கிருஷ்ணகிரி இளைஞர்களுக்கு ஒரு தொழில் வழிகாட்டி

நாடகத்துக்கான விருது விழா ஒன்று தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகும்போது, அதன் மேடையை வடிவமைப்பவர் மூன்று தரப்புக்குப் பதில் சொல்ல வேண்டியவராகிறார். அரங்கில் அமர்ந்திருப்பவர்கள் ஒரு தரப்பு. வீட்டில் திரை வழியாகப் பார்ப்பவர்கள் இன்னொரு தரப்பு. விருதுக்குத் தேர்வான நாடகங்களிலிருந்து ஒரு காட்சியையோ ஒரு பாட்டையோ அங்கேயே நிகழ்த்திக் காட்ட வரும் குழுக்கள் மூன்றாவது தரப்பு. திரைப்பட விருது விழாவில் படத்தின் ஒரு துணுக்கை ஓட்டிவிட்டு உறையைப் பிரித்துவிடலாம். நாடகத்தை அப்படிக் காட்டினால் அது நாடகமாகவே இருக்காது. ஆகவே குழுக்கள் தங்கள் தட்டிகளோடும் தளவாடங்களோடும் வந்து இறங்குகின்றன, மூன்று நான்கு நிமிடங்கள் நிகழ்த்துகின்றன, அடுத்த விளம்பர இடைவேளை முடிவதற்குள் அவை வந்துபோன சுவடே தெரியாமல் மேடை மாறிவிட வேண்டியிருக்கிறது. அலங்காரம் இந்தத் தொழிலில் சிறு பங்குதான். உழைப்பின் பெரும் பகுதி இந்த மாற்றங்களைத் திட்டமிடுவதில்தான் செலவாகிறது. தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களிலிருந்து இத்தொழிலுக்குள் நுழைய விரும்பும் ஒருவர் எதைப் பார்த்துக் கற்கலாம், எங்கே படிக்கலாம், எந்த வேலையில் தொடங்கலாம் என்பதை இங்கே விளக்குகிறேன்.

வேலையின் அளவு

நியூயார்க்கில் வழங்கப்படும் டோனி விருது 1947இல் தொடங்கியது. 1967இல் முதன்முறையாக அமெரிக்கா முழுவதும் ஒளிபரப்பானது. பல ஆண்டுகள் அது நடந்த ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலின் மேடை 144 அடி அகலம் உடையது. அம்மேடைத் தளத்தின் பகுதிகளையே நீரியல் விசையால் ஏற்றவும் இறக்கவும் முடியும். லண்டனின் ஆலிவியர் விருது 1976இல் தொடங்கியது. அண்மை ஆண்டுகளில் அது நடைபெறும் ராயல் ஆல்பர்ட் ஹால், பார்வையாளர் இருக்கைகள் சூழ்ந்த நீள்வட்டக் கட்டடம்; அங்கே மேடையைச் சட்டமிட்டுக் காட்டும் முகப்பு வளைவும் இல்லை, தட்டிகளை ஒளித்துவைக்கப் பக்கவாட்டு மறைவும் இல்லை. முதல் இடத்தில் அடுத்த நாடகத்தின் அரங்கப் பொருட்களைப் பக்கத்தில் வரிசையாக நிறுத்திக்கொள்ளலாம். இரண்டாவது இடத்தில் ஒவ்வொரு பொருளும் வாசல் வழியே நுழையும் அளவுக்குச் சிறு துண்டுகளாகப் பிரிய வேண்டும், அல்லது மேலிருந்து இறங்க வேண்டும். ஒரு வேலையை ஒப்புக்கொள்ளும் முன் கட்டடத்தின் வாசல் அகலத்தையும் உயரத்தையும் நீங்களே போய் அளந்து வர வேண்டும் என்று நான் வற்புறுத்துவதற்கு இதுவே காரணம்.

டோனி விழாவின் மேடையைப் பல ஆண்டுகள் வடிவமைத்தவர் ஸ்டீவ் பாஸ். நாடக மேடை வடிவமைப்புக்காக 2009இல் டோனி விருது பெற்ற டெரெக் மெக்லேன், 2013 முதல் 2018 வரை ஆஸ்கர் விழாக்களுக்கு மேடை அமைத்தார். நாடக மேடையில் தேர்ந்தவர் விருது விழாவுக்குப் போவது இயல்பான பாதை என்பதற்கு மெக்லேன் நல்ல சான்று. எதிர்த் திசையில், விழா மேடையிலிருந்து நாடகத்துக்கு வருபவர்கள் குறைவு.

நம் நாட்டில் டோனி போல நாடெங்கும் நேரலையாகப் பார்க்கப்படும் நாடக விருது விழா இல்லை. 2006இல் தொடங்கப்பட்டு டெல்லியில் ஆண்டுதோறும் நடைபெறும் மகிந்திரா நாடக விருது விழா, நாடகக்காரர்கள் மதிக்கும் விழா. தேர்வான நாடகங்கள் முழுமையாக நிகழ்த்தப்பட்ட பிறகே அங்கே விருது அறிவிக்கப்படுகிறது, மேடை வடிவமைப்புக்கென்றே தனி விருதும் உண்டு. ஆனால் அதை மட்டும் நம்பித் தமிழ்நாட்டில் ஒருவர் வீட்டு வாடகை கட்ட முடியாது. சென்னைத் தொலைக்காட்சிகள் நடத்தும் திரைப்பட, சின்னத்திரை விருது விழாக்கள், இசைப் போட்டிகளின் இறுதிச் சுற்றுகள், பெங்களூரு நிறுவனங்களின் ஆண்டு விழாக்கள் ஆகியவற்றில் சம்பாதித்துக்கொண்டு, நாடக மேடையில் கையைப் பழக்கி வைத்திருப்பதே நடைமுறைக்கு உகந்த வழி.

கூத்துக் களரியில் உட்காருங்கள்

பங்குனி, சித்திரை, வைகாசி மாதங்களில் இவ்விரு மாவட்டங்களின் திரௌபதி அம்மன் கோயில்களில் நடைபெறும் பாரதக் கூத்து, இந்தத் தொழிலுக்குத் தேவையான பார்வையை இலவசமாகக் கற்றுத் தருகிறது. வேடிக்கை பார்க்கப் போகாமல் அளவு நாடாவும் நோட்டுப் புத்தகமும் எடுத்துக்கொண்டு போங்கள்.

முதலில் கவனிக்க வேண்டியது வேடம் களரிக்குள் நுழையும் முறை. இருவர் ஒரு திரையைப் பிடித்துக்கொண்டு நிற்க, அதன் பின்னாலிருந்து முதலில் குரல் வருகிறது, பிறகு சலங்கை ஒலி வருகிறது, திரைக்கு மேலே கிரீடத்தின் முனை தெரிகிறது, பாட்டு முடிந்து திரை விலகும்போதுதான் முழு வேடமும் வெளிப்படுகிறது. விருது வழங்க வரும் ஒருவர் பக்கவாட்டிலிருந்து வெறுமனே நடந்து வந்து ஒலிவாங்கி முன் நிற்பதைப் பார்த்துச் சலித்தவர்களுக்கு இதன் மதிப்பு புரியும். ஆளைக் காட்டுவதற்கு முன் ஆள் வரப்போகிறார் என்பதைக் காட்ட எவ்வளவு துணியும் எத்தனை விநாடியும் தேவைப்படுகின்றன என்பதைக் கடிகாரம் வைத்துக் குறித்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது, ஒற்றைப் பெஞ்சு. அரியணை, தேர், மலை எல்லாம் அதுவே. நான்கு நிமிடக் காட்சிக்கு ஒரு குழு பதினைந்து தளவாடங்களைக் கொண்டுவர விரும்பும்போது, இவற்றில் எது காட்சியைத் தாங்குகிறது என்று நீங்கள் கேட்க வேண்டியிருக்கும். பெஞ்சைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அந்தக் கேள்வி எளிதாக வரும்.

மூன்றாவது, அர்ச்சுனன் தபசு. உயர்ந்த மரத்தில் பாடிக்கொண்டே ஏறும் நடிகரைக் கூட்டம் கழுத்தை நிமிர்த்திப் பார்க்கிறது. அதே நிகழ்வைத் தொலைக்காட்சியில் காட்டுவது கடினம், ஏனெனில் 16க்கு 9 என்ற விகிதத்தில் அகலமாக இருக்கும் சட்டகத்துக்குள் மரம் முழுவதும் அடங்கினால் முகம் எறும்பளவு ஆகிவிடும், முகம் தெரிந்தால் உயரம் தெரியாது. கைப்பேசியில் படம் எடுத்துப் பார்த்தால் இது உடனே விளங்கும். உயரத்தைக் காட்ட வேண்டுமானால் நீண்ட கையின் நுனியில் பொருத்தப்பட்டுக் கீழிருந்து மேலே போகும் ஜிம்மி ஜிப் போன்ற கேமரா வேண்டும், அதன் கை சுழல்வதற்கு மேடைக்கு முன்னே வெற்றிடம் வேண்டும், அந்த இடத்துக்காகச் சில இருக்கைகளை இழக்க அமைப்பாளர் சம்மதிக்க வேண்டும். துரியோதனன் வீழ்வதைக் காட்டும் படுகளத்தில் மண்ணால் செய்யப்படும் அவன் உருவத்துக்கும் இதே சோதனையைச் செய்து பாருங்கள்: நின்று பார்க்கும் கூட்டத்துக்கு அது எப்படித் தெரிகிறது, வீட்டு மாடியிலிருந்து எப்படித் தெரிகிறது, படத்தில் எப்படித் தெரிகிறது என்று மூன்று கோட்டோவியங்கள் போதும்.

நான்காவது, மரத்தால் செய்த அணிகளைப் பூட்டி வரும் கட்டை வேடத்தின் மினுமினுப்பு. கிரீடத்திலும் புஜக்கட்டையிலும் பதித்த கண்ணாடித் துண்டுகள் குறைந்த வெளிச்சத்துக்காகச் செய்யப்பட்டவை. தொலைக்காட்சி விளக்கின் கீழ் அவை கேமராவுக்குள் வெட்டொளியாகப் பாயும். பட்டுச் சரிகைக்கும் விருதுச் சிலைக்கும் இதே சிக்கல் உண்டு.

முதல் வேலை எங்கே

உள்ளூர் மேடைக்காரரிடம் சேருங்கள். கோயில் திருவிழா, பள்ளி ஆண்டு விழா, கிருஷ்ணகிரியில் ஆண்டுதோறும் நடைபெறும் மாங்கனிக் கண்காட்சியின் மாலை நிகழ்ச்சி, திருமண வரவேற்பு என்று எதுவும் குறைவான வேலை அன்று. எட்டுக்கு நான்கு பிளைவுட்டில் எத்தனை தட்டி வெட்டலாம், எந்த இடத்தில் ரீப்பர் என்னும் மரச் சட்டம் கொடுக்காவிட்டால் தட்டி முறுக்கிக்கொள்ளும், ஆடிக் காற்றில் இருபது அடி ஃப்ளெக்ஸ் பேனர் எவ்வளவு இழுக்கும், விளக்குகளைத் தொங்கவிடும் உலோகச் சட்டமான ட்ரஸ் ஒன்றைக் கட்டி முடிக்க எத்தனை ஆட்களுக்கு எத்தனை மணி நேரம் ஆகும் என்பவற்றைக் கல்லூரி சொல்லித் தராது. ஆட்கள் கூடி ஆடும் மேடைக்குச் சதுர மீட்டருக்கு 500 கிலோ தாங்கும்படி கணக்கிடுவது வழக்கம். உங்கள் ஊர் மேடைகள் அந்தக் கணக்கில் கட்டப்படுகின்றனவா என்று பார்த்தாலே பாதிப் பாடம் முடிந்துவிடும். தெர்மாகோலில் செய்த வளைவுகளை விளக்குக்கு அருகில் வைக்கும் பழக்கத்தை மட்டும் அங்கிருந்து எடுத்து வராதீர்கள்.

ஓசூர் பக்கத்தில் இருப்பது பெரிய வசதி. தொழிற்பேட்டையைச் சுற்றியுள்ள சிறு பட்டறைகளில் இரும்புத் தகட்டை லேசரில் வெட்டவும், குழாயை வளைக்கவும், பவுடர் கோட்டிங் செய்யவும் முடியும். வரைபடத்தை மில்லிமீட்டரில் துல்லியமாகக் கொடுத்தால் அதே துல்லியத்தில் பொருள் திரும்பி வரும். சென்னையில் மரத்தில் செய்து பூசும் பல பாகங்களை இங்கே இரும்பில் செய்து, பிரித்து, அடுத்த விழாவுக்கும் பயன்படுத்தலாம். சென்னை, பெங்களூரு, சேலம் சாலைகள் கிருஷ்ணகிரியில் கூடுவதால் லாரி கிடைப்பதும் எளிது.

படிப்பு

பட்டம் இல்லாமலும் இத்தொழிலில் உயர்ந்தவர்கள் உண்டு. ஆனால் வரைபடம் போடத் தெரியாமல் எவரும் உயர்வதில்லை. புதுடெல்லி தேசிய நாடகப் பள்ளியின் மூன்றாண்டுப் படிப்பில் வடிவமைப்பைச் சிறப்புப் பாடமாக எடுக்கலாம். புனே திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் கலை இயக்கத்துக்கும் தயாரிப்பு வடிவமைப்புக்கும் தனிப் படிப்பு இருக்கிறது. புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தின் நிகழ்கலைத் துறை நாடகத்தைத் தமிழ்ச் சூழலுக்கு அருகிலிருந்து கற்பிக்கிறது. சென்னை, கும்பகோணம் அரசு கவின் கலைக் கல்லூரிகளில் ஓவியமும் சிற்பமும் படித்துவிட்டு செட் வேலைக்கு வந்தவர்கள் தமிழ்த் திரையுலகில் ஏராளம். ஓசூரிலிருந்து காலையில் புறப்பட்டால் பெங்களூருவின் ரங்க சங்கரா அரங்கில் மாலை நாடகம் பார்த்துவிட்டு இரவே திரும்பலாம். கன்னடம் ஓரளவு பேசத் தெரிந்தவர்களுக்கு, கர்நாடகத்தின் ஹெக்கோடு கிராமத்தில் உள்ள நீனாசம் நாடகப் பயிற்சியும் எட்டக்கூடியதே.

மென்பொருள்களில் ஸ்கெட்ச்அப்பும் ஆட்டோகேடும் முதலில் போதும். மேடை விளக்குகளையும் ஒரே கோப்பில் காட்ட வேண்டிய நிலை வரும்போது வெக்டர்வொர்க்ஸ் கற்றுக்கொள்ளலாம். இருந்தாலும் 1க்கு 50 அளவில் அட்டையில் ஒரு மாதிரி செய்து, அதற்குள் கைப்பேசியை நுழைத்துப் பார்ப்பதற்கு இணையான பயிற்சி எந்த மென்பொருளிலும் இல்லை என்பது என் கருத்து.

கேமராவுக்காக வரைவது

புதியவர்கள் செய்வது எல்லாம் முழு மேடையையும் ஒரே படத்தில் காட்டும் அகலக் காட்சிக்காக வரைவதுதான். வாடிக்கையாளரும் அந்தப் படத்தைப் பார்த்தே கையெழுத்துப் போடுகிறார். ஆனால் ஒளிபரப்பில் அந்த அகலக் காட்சி சில விநாடிகளே நிற்கும். மாலை முழுவதும் மீண்டும் மீண்டும் திரையில் இருப்பது, ஒலிவாங்கி முன் நின்று பேசுபவரின் இடுப்பளவுக் காட்சி. அந்தச் சட்டகம் ஏறத்தாழ ஒரு மீட்டர் உயரத்தைப் பிடித்தால் அகலம் 1.8 மீட்டருக்குச் சற்றுக் குறைவாக இருக்கும். அவருக்குப் பின்னால் தள்ளி இருக்கும் சுவரில் அதைவிடக் கொஞ்சம் கூடுதலான பரப்புத் தெரியும். அந்தச் சிறு பரப்பே உங்கள் மேடையின் முகம். முதலில் அதை வரையுங்கள். அங்கே என்ன நிறம், எவ்வளவு ஆழம், தலைக்குப் பின்னால் கொம்பு முளைத்தது போல் எந்தக் கம்பமும் வராமல் இருக்கிறதா என்று தீர்மானித்த பிறகு வெளிப்பக்கமாக மேடையை வளர்த்துக்கொண்டு போங்கள். வென்றவர் சிலையை வாங்கிக்கொண்டு திரும்பும் கோணம், அவரை அழைத்தவர் தள்ளி நிற்கும் இடம், பார்வையாளர் பக்கம் திரும்பும் கேமராவில் தெரியும் முன்வரிசை ஆகியவற்றுக்கும் தனித்தனியாகச் சட்டகம் வரைந்தாக வேண்டும்.

நிறத்தில் நம் மக்களின் தோலை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். சந்தன நிறமும் பழுப்பும் அரங்கில் அழகாக இருக்கும், கேமராவில் மாநிற முகம் அதில் கரைந்துபோகும். ஆழ்ந்த நீலமோ கருமை கலந்த பச்சையோ பின்னால் இருந்து, தோளுக்குப் பின்னாலிருந்து ஒரு விளக்கும் விழுந்தால் முகம் பிரிந்து நிற்கும். தூய வெள்ளைச் சுவர் வேண்டும் என்று விளம்பரதாரர் கேட்டால், அதைச் சாம்பல் பக்கம் ஒரு படி இறக்கிக் கொடுங்கள். திரையில் அது வெள்ளையாகவே தெரியும்.

எல்.இ.டி. திரை இன்று தவிர்க்க முடியாததாகிவிட்டது. வாடகைக்கு விடுபவர்கள் பி 2.6, பி 3.9 என்று சொல்லும் எண், ஒரு ஒளிப்புள்ளிக்கும் அடுத்த புள்ளிக்கும் இடையே உள்ள தூரத்தை மில்லிமீட்டரில் குறிக்கிறது. அரை மீட்டர் சதுரப் பலகை பி 2.6 ஆக இருந்தால் பக்கத்துக்கு 192 புள்ளிகள் இருக்கும். ஆறு மீட்டர் அகலம், மூன்று மீட்டர் உயரம் உள்ள திரைக்கு 72 பலகைகள் வேண்டும், அதற்கான படத்தை 2304க்கு 1152 என்ற அளவில் தயாரிக்க வேண்டும். இந்தக் கணக்கை முன்கூட்டியே கிராஃபிக்ஸ் செய்பவருக்கு எழுதிக் கொடுக்காததால் கடைசி இரவில் இழுபட்டுச் சிதைந்த படங்களோடு நடந்த விழாக்கள் பல. இன்னொரு சிக்கல், கேமராவின் உணரியில் உள்ள புள்ளி வரிசையும் திரையின் புள்ளி வரிசையும் மோதும்போது தோன்றும் அலைக்கோடுகள். பேசுபவரைத் திரையிலிருந்து குறைந்தது மூன்று மீட்டராவது முன்னால் நிறுத்தினால், கேமராவின் குவியம் அவர்மீது இருக்கத் திரை மங்கலாகி அந்தக் கோடுகள் மறையும். இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் கேமரா ஷட்டரை ஐம்பதில் ஒரு பங்கு விநாடியில் வைப்பார்கள். திரையின் புதுப்பிப்பு வேகம் 3,840 ஹெர்ட்ஸ் உள்ளதாகக் கேட்டு வாங்குங்கள். அதில் பாதி வேகத் திரைகளில் கறுப்புக் கோடு ஓடும் வாய்ப்பு அதிகம். திரை இயல்பாகவே நீலம் பாய்ந்திருக்கும், முகத்தில் விழும் விளக்கு மஞ்சள் சாயலுள்ள 3,200 கெல்வினாக இருந்தால் வேறுபாடு உறுத்தும். இரண்டையும் பொருத்திப் பார்ப்பதற்கு விளக்கு வடிவமைப்பாளரோடு ஓர் இரவு ஒதுக்க வேண்டும். திரையை முழு வெளிச்சத்தில் ஓட்டுவது மேடையில் நிற்பவரின் முகத்தை இருட்டாக்கும் சிறந்த வழி.

நாடக விருது விழாவில் மேடையேறுபவர்களில் முதியவர்கள் அதிகம். எண்பது வயதுக் கூத்து வாத்தியாரை ஒன்றரை அடி உயரப் படிகளில் இருவர் தூக்கிவிடுவதை நேரலையில் காட்டுவது அவருக்கும் மரியாதை அன்று, உங்களுக்கும் மரியாதை அன்று. படி ஒன்றின் உயரம் 15 சென்டிமீட்டரைத் தாண்டக் கூடாது, சேலை கட்டியவர்கள் தடுக்காமல் ஏற ஒரு பக்கம் கைப்பிடி வேண்டும். சாய்தளத்துக்கு 1க்கு 12 என்பது அங்கீகரிக்கப்பட்ட விகிதம். 60 சென்டிமீட்டர் உயர மேடைக்கு அது 7.2 மீட்டர் நீளமாகிறது, ஒரு மீட்டர் உயர மேடைக்கு 12 மீட்டராகிறது. மேடையின் உயரத்தைத் தீர்மானிப்பதற்கு முன்பே இந்த நீளத்துக்கு இடம் இருக்கிறதா என்று பார்த்துவிட வேண்டும். பிறகு ஒட்டவைத்த சாய்தளம் எப்போதும் கேமராவுக்குத் தெரியாத மூலையில்தான் போய் முடிகிறது.

மாற்றங்களைத் திட்டமிடுவது

நிகழ்ச்சி வரிசை கைக்கு வந்தவுடன் அதைப் பகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொரு பகுதிக்கும் ஒரு தளப்படம் போடுங்கள். அதில் மேடையில் எது இருக்கிறது, எது வெளியே போகிறது, எந்த வாசல் வழியே, எத்தனை பேர் தள்ளுகிறார்கள், அடுத்த பொருள் எங்கே காத்திருக்கிறது என்பவை இருக்க வேண்டும். விளம்பர இடைவேளை இரண்டு, மூன்று நிமிடங்களே வரும் என்பதால், அதற்குள் முடியாத மாற்றத்தை மறைப்பதற்கு மேடையை முன், பின் என இரண்டாகப் பிரிப்பதே தேர்ந்த வழி. நம் கம்பெனி நாடகங்களில் தெருப் படுதாவை இறக்கி அதன் முன்னால் நகைச்சுவைக் காட்சியை நடத்திக்கொண்டே, பின்னால் தர்பார் செட்டைப் போட்டு முடிப்பார்கள். தொகுப்பாளர் முன்மேடையில் பேசிக்கொண்டிருக்க, பின்னால் அடுத்த நாடகம் சத்தமில்லாமல் நிலைகொள்வதும் அதே உத்திதான். சத்தமில்லாமல் என்பது முக்கியம்: சக்கரத்துக்கு ரப்பர் வேண்டும், சுத்தியலுக்குப் பதில் பூட்டும் கொண்டி வேண்டும், தளத்தில் ஒவ்வொரு பொருளின் இடத்துக்கும் வேறு வேறு நிற டேப் ஒட்டப்பட்டிருக்க வேண்டும்.

நாடகக் குழுக்களோடு பேசுவதற்குத் தனிப் பொறுமை தேவை. அவர்களின் வடிவமைப்பாளர் இரண்டு மணி நேர நாடகத்துக்காகச் செய்த அரங்கத்தை நீங்கள் நான்கு நிமிடத்துக்குச் சுருக்கச் சொல்கிறீர்கள். வெட்ட வேண்டியதை நீங்களே முடிவுசெய்து அனுப்பாமல், இடம் இவ்வளவு, நேரம் இவ்வளவு, வாசல் இவ்வளவு என்று எழுதிக் கொடுத்து, முடிவை அவரிடமே விடுங்கள். உங்கள் பொது மேடையின் நிறமும் வடிவமும் அவர்களின் காட்சி நடக்கும்போது முற்றிலும் பின்வாங்கக்கூடியதாக இருக்க வேண்டும். கறுப்புத் திரை ஒன்று முழு மேடையையும் மூடும் வசதி இல்லாத வடிவமைப்பை நாடக விருதுக்கு நான் ஏற்க மாட்டேன்.

ஒத்திகையின்போது விருது பெறுபவர்களுக்குப் பதிலாக யாரையாவது நிறுத்தி, இருக்கையிலிருந்து மேடை வரை நடக்கவிட்டு நேரம் பாருங்கள். ஒளிபரப்புக் கருவிகள் உள்ள ஓ.பி. வேனுக்குள் இயக்குநருக்குப் பின்னால் நின்று மானிட்டரில் பார்ப்பதுதான் உங்கள் இடம். அரங்கின் நடு இருக்கையில் உட்கார்ந்து ரசிக்கும் ஆசையைக் கட்டுப்படுத்திக்கொள்ளுங்கள்.

சென்னைக்குப் போகும்போது

படப்பிடிப்புத் தளங்களில் வேலை செய்யப் பெப்சி எனப்படும் தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனத்தைச் சேர்ந்த கலை இயக்குநர் சங்கத்தின் விதிகள் பொருந்தும். அங்கே உதவியாளராகத் தொடங்குவதே வழி. வேலை கேட்டுப் போகும்போது கணினியில் செய்த பளபளப்பான முப்பரிமாணப் படங்களை மட்டும் காட்டாதீர்கள். ஒரே கோணத்தில் உங்கள் கோட்டோவியம், தளப்படம், ஒளிபரப்பான காட்சியின் உறைநிலைப் படம் ஆகிய மூன்றையும் ஒரே பக்கத்தில் வைத்தால், பார்ப்பவர் அரை நிமிடத்தில் உங்களை எடைபோட்டுவிடுவார். ஊர்த் திருவிழா மேடையாக இருந்தாலும் இப்படிக் காட்டுங்கள்.

பணத்தை மூன்று தவணையாகக் கேளுங்கள்: வரைபடம் தொடங்கும் முன் ஒன்று, பொருள் வாங்கும் முன் ஒன்று, ஒத்திகை நாளன்று ஒன்று. விழா முடிந்த பிறகு தருகிறேன் என்ற பெரிய தொகை பெரும்பாலும் சிறிய தொகையாகவே வந்து சேரும். வடிவமைப்புக் கட்டணத்தையும் செட் கட்டும் செலவையும் தனித்தனியாக எழுதுங்கள், இல்லாவிட்டால் மரத்தின் விலை ஏறும்போது உங்கள் கூலி குறையும். செலவைக் கழிக்காத ஆண்டு மொத்த வரவு 20 லட்சம் ரூபாயைத் தாண்டினால் ஜி.எஸ்.டி. பதிவு கட்டாயம், பிடித்தம் செய்த வரி உங்கள் பான் எண்ணில் ஏறியிருக்கிறதா என்பதையும் அவ்வப்போது பார்த்துக்கொள்ளுங்கள். செட்டைப் பிரித்த பிறகு இரும்பும் துணியும் யாருக்குச் சொந்தம், யார் செலவில் எங்கே போகும் என்பதையும் ஒப்பந்தத்தில் ஒரு வரியாகச் சேர்த்துவிடுங்கள், ஏனெனில் விடியற்காலை நான்கு மணிக்கு அரங்க மேலாளர் இடத்தைக் காலிசெய்யச் சொல்லும்போது அதைப் பேசி முடிக்க எவரும் அங்கே இருக்க மாட்டார்கள்.